சைக்கிள் இந்த வடிவத்துக்கு வந்த கதை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சைக்கிள் வரலாறு என்று பேச்செடுத்தாலே திரும்பத் திரும்ப வருகிற சந்தேகங்கள் இவை. கேட்பவர்களில் பாதிப் பேருக்கு வரலாறு வேண்டும். மீதிப் பேர் பழைய வண்டியைப் பிரித்துப் போட்டுவிட்டு, புதிய பாகம் பொருந்தவில்லை என்று வருகிறார்கள். நூறு வருடங்களுக்கு முன்பு எடுத்த முடிவுகள் இன்றைய மரையிலும் டயர் எண்ணிலும் அப்படியே இருப்பதால், இரண்டு வகைக் கேள்விகளையும் இங்கே சேர்த்தே வைத்திருக்கிறோம்.

1. சைக்கிளைக் கண்டுபிடிச்சது யாரு? ஒரே ஒரு பேர் சொல்லுங்க போதும்.

ஒரே பெயர்தான் என்றால் கார்ல் ஃபான் டிரைஸ். ஜெர்மனியின் மான்ஹைம் நகரில் 1817 ஜூன் 12 அன்று, ஒன்றன்பின் ஒன்றாக இரண்டு சக்கரம் வைத்து, முன்சக்கரத்தைத் திருப்பியே சமநிலை காக்கும் வண்டியை ஓட்டிக் காட்டினார். பெடல் இல்லை, செயின் இல்லை. மரச்சட்டத்தின் மேல் உட்கார்ந்து காலால் தரையை உந்த வேண்டும். வண்டியின் எடை சுமார் 22 கிலோ. இரண்டே சக்கரத்தில் விழாமல் போகலாம் என்பதுதான் அவர் நிரூபித்த விஷயம். அது சின்ன விஷயமில்லை. அதற்கு முன் யாரும் அதை நம்பியிருக்க மாட்டார்கள்.

ஆனால் நாம் இன்று ஓட்டுவது அந்த வண்டியை அல்ல. முன்சக்கரத்தில் பெடல் வந்தது 1860-களில் பாரிஸில். பின்சக்கரத்தைச் செயின் இழுக்கும் வண்டி விற்பனையில் நிலைபெற்றது 1885-இல், இங்கிலாந்தின் கவன்ட்ரி நகரில் ஜான் கெம்ப் ஸ்டார்லி செய்த ரோவர் வண்டியோடு. எனவே 1817, 1860-கள், 1885 என்று மூன்று காலங்களை நினைவில் வைத்தால் குழப்பம் வராது.

2. லியனார்டோ டாவின்சி அப்பவே சைக்கிள் படம் வரைஞ்சிட்டாராமே?

இல்லை. டாவின்சியின் ஓவியத் தொகுப்பு ஒன்றின் தாளில் இருந்ததாக 1974-இல் அந்தப் படம் வெளிவந்தது. பெடல், செயின், இரண்டு சம அளவுச் சக்கரம் எல்லாம் அதில் இருந்தன. பிற்காலத்தில் யாரோ கிறுக்கிய சாதாரண வட்டங்களின் மேல் இன்னும் பின்னால் சேர்க்கப்பட்டது என்பதே ஆய்வாளர்கள் பலரின் முடிவு. படத்தைக் கூர்ந்து பார்த்தால் இன்னொன்றும் தெரியும்: அந்த வண்டியைத் திருப்பவே முடியாது.

இதேபோல் 1790-களில் பிரான்ஸில் சிவ்ராக் பிரபு ஓட்டினார் என்ற கதை 1891-இல் ஒரு பிரெஞ்சு எழுத்தாளர் கிளப்பியது. ஸ்காட்லாந்துக் கொல்லர் கிர்க்பாட்ரிக் மேக்மில்லன் 1839-இல் பெடல் வண்டி செய்தார் என்பதும் 1890-களில் அவருடைய உறவினர் முன்வைத்த வாதம். அந்தக் காலத்து ஆவணம் எதுவும் அதை உறுதியாகக் காட்டவில்லை. நாடுகள் முதலிடத்துக்குப் போட்டி போட்ட காலத்தில் பிறந்த கதைகள் இவை.

3. அப்போ பெடலை மாட்டினது மிஷோவா, லாலமாவா?

இது இன்றும் தீராத வழக்கு. பாரிஸில் பெடல் வண்டியைப் பெரிய அளவில் செய்து விற்றது மிஷோவின் பட்டறை. ஆனால் கையில் பிடித்துக் காட்டக்கூடிய முதல் ஆவணம் பியர் லாலமா அமெரிக்காவில் பெற்ற காப்புரிமை: எண் 59,915, நாள் 1866 நவம்பர் 20. ஆவணத்தை மதிப்பவர்கள் லாலமா பக்கமும் தொழிலை மதிப்பவர்கள் மிஷோ பக்கமும் நிற்கிறார்கள். எங்கள் சாய்வு ஆவணத்தின் பக்கம்.

4. பழைய படத்துல முன்சக்கரம் மட்டும் ஆள் உயரத்துக்கு இருக்கே, எதுக்கு?

கியருக்குப் பதிலாக. பெடல் முன்சக்கர அச்சிலேயே இருந்ததால், ஒரு சுற்று மிதித்தால் சக்கரமும் ஒரே சுற்றுதான் சுற்றும். வேகம் வேண்டுமானால் சக்கரத்தைப் பெரிதாக்குவதைத் தவிர வழியில்லை. 54 இஞ்ச் சக்கரம் ஒரு சுற்றுக்கு 4.3 மீட்டர் போகும். எல்லை எது என்றால் ஓட்டுபவரின் கால் நீளம்தான். ஆளுக்குத் தக்க சக்கரம் வாங்கினார்கள். 60 இஞ்ச் வண்டியை நெட்டையானவர்கள் மட்டுமே ஓட்ட முடியும்.

இந்தக் கணக்கு இன்றும் உயிரோடு இருக்கிறது. கியர் இஞ்ச் என்பது அதுதான்: பின்சக்கர விட்டத்தை முன் பல்சக்கரத்தின் பற்களால் பெருக்கி, பின் பல்சக்கரத்தின் பற்களால் வகுக்க வேண்டும். 28 இஞ்ச் சக்கரம், முன்னால் 44 பல், பின்னால் 18 பல் என்றால் விடை 68.4. அதாவது 68 இஞ்ச் விட்டமுள்ள பெரிய சக்கரத்தை நேரடியாக மிதிப்பதற்குச் சமம். அப்படி ஒரு சக்கரம் செய்தால் யார் காலும் எட்டாது. செயின் வந்ததும் உயரமான வண்டி ஏன் சில வருடங்களில் மறைந்தது என்பதற்கு இந்த ஒரு எண்ணே போதும்.

5. பாதுகாப்புக்காகத்தான் சின்னச் சக்கரத்துக்கு மாறினாங்கன்னு படிச்சேனே?

அதுவும் உண்மை. உயர வண்டியில் ஓட்டுபவரின் உடல் எடை முன்சக்கர அச்சுக்குச் சற்றுப் பின்னால்தான் இருக்கும். முன்சக்கரத்தில் ஒரு கல் தட்டினால் வண்டி முழுதும் அச்சைச் சுற்றிக் கவிழும். ஆள் தலைகுப்புறப் போவார், கால் ஹேண்டில்பாருக்கு அடியில் மாட்டிக்கொள்ளும். அதனால்தான் புதிய வடிவத்துக்கு ஆங்கிலத்தில் சேஃப்டி என்றே பெயர் வைத்தார்கள்.

ஆனால் பாதுகாப்பை நினைத்தவர்கள் அதற்கு முன்பும் இருந்தார்கள். ஹென்றி லாசன் 1879-லேயே பின்சக்கரச் செயின் வண்டி வடிவமைத்தார், விற்கவில்லை. இடையில் 1880-இல் ஹான்ஸ் ரெனால்ட் மான்செஸ்டரில் உருளை செயினுக்குக் காப்புரிமை பெற்றார். புஷ் எனப்படும் சின்னக் குழாய்க்குள் பின் திரும்ப, அந்தக் குழாயின் மேல் உருளை சுழலும் இந்த அமைப்பில் தேய்மானம் பெரிய பரப்பில் பரவியதால் நம்பிக்கையான செயின் கிடைக்க வழி பிறந்தது. சின்னச் சக்கரத்தின் குலுக்கலைக் காற்று டயர் தீர்த்தது. இத்தனையும் சேர்ந்த பிறகுதான் உயர வண்டி போனது.

6. காத்து டயர் டன்லப் கண்டுபிடிச்சதுதானே?

இரண்டாவதாகக் கண்டுபிடித்தது என்று சொல்ல வேண்டும். ராபர்ட் வில்லியம் தாம்சன் 1845-லேயே காற்றடைத்த டயருக்குக் காப்புரிமை பெற்றுவிட்டார். குதிரை வண்டிக் காலம் அது, பயன்படவில்லை, மறந்துபோனது. பெல்ஃபாஸ்டில் கால்நடை மருத்துவராக இருந்த ஜான் பாய்ட் டன்லப், மகனுடைய மூன்று சக்கர வண்டிக்காக 1888-இல் அதையே மறுபடி செய்தார். அடுத்த வருடமே அந்த டயரோடு ஓடியவர்கள் பந்தயங்களில் ஜெயித்தார்கள். பிறகு தாம்சனின் பழைய ஆவணம் வெளிவந்து டன்லப்பின் காப்புரிமை செல்லாமல் போனது.

கம்பெனி பிழைத்தது வேறு வழியில். டன்லப்பின் முதல் டயர் ரிம்மோடு ஒட்டப்பட்டிருந்தது. பஞ்சர் என்றால் பாதி நாள் வேலை. விளிம்பில் இரும்புக் கம்பி வைத்துக் கழற்றி மாட்டும் டயரை 1890-இல் வெல்ச் என்பவர் பதிவு செய்தார்; டன்லப் கம்பெனி அந்த உரிமையை வாங்கிக்கொண்டது. இன்று சைக்கிள் டயரின் ஓரத்தைத் தடவினால் கையில் உணரும் கம்பி அதுதான். பிரான்ஸில் மிஷ்லான் சகோதரர்கள் 1891-இல் வேறொரு கழற்றும் டயரைக் கொண்டுவந்தார்கள்.

7. 28 இஞ்ச் டயர் வாங்கி வந்தேன், என் 28 இஞ்ச் ரிம்முல ஏறவே மாட்டேங்குது. ஏன்?

இந்தப் பக்கத்திலேயே அதிகம் கேட்கப்படும் கேள்வி இது. டயரில் உள்ள 28 என்பது ரிம்மின் அளவு அல்ல. காற்றடைத்த டயரின் வெளி விட்டம், அதுவும் தோராயமாக. 28 இஞ்ச் என்றால் 711 மி.மீ. டயர் தடிமன் 1 1/2 இஞ்ச், அதாவது 38 மி.மீ. என்றால், இரு பக்கமும் கழித்துப் பாருங்கள்: 711-இல் 76 போக 635. அதுதான் பழைய ரோட்ஸ்டர் வண்டியின் ரிம். தடிமனான டயருக்காகச் செய்த இன்னொரு 28 இஞ்ச் ரிம்மின் அளவு 622. இரண்டும் 28 என்றே விற்கப்படுகின்றன. ஆனால் 13 மி.மீ. வித்தியாசம். 622 டயரை 635 ரிம்மில் எந்த நெம்புகோலாலும் ஏற்ற முடியாது. 635 டயரை 622 ரிம்மில் போட்டால் சுலபமாக ஏறும். காற்றடித்ததும் வெளியே துள்ளி ட்யூப் வெடிக்கும்.

பிரெஞ்சுக்காரர்களின் 700 சி என்ற பெயரும் இதே கதைதான். 700 என்பது வெளி விட்டம், சி என்பது அந்தக் குடும்பத்தின் தடித்த டயர். அதன் ரிம் 622. இன்று அதே ரிம்மில் 25 மி.மீ. டயர் மாட்டினால் வெளி விட்டம் 672 தான். பெயர் மட்டும் 700 என்றே தங்கிவிட்டது. மலைப்பாதை வண்டிகளின் 29 இஞ்ச் சக்கரமும் இதே 622 தான், டயர் மட்டும் தடிமன்.

ஆகவே இஞ்சைப் பார்க்காதீர்கள். டயரின் பக்கச் சுவரில் 40-635 அல்லது 37-622 என்று கோடு போட்ட எண் இருக்கும். முதல் எண் அகலம், இரண்டாவது ரிம்மில் டயர் உட்காரும் இடத்தின் விட்டம். இரண்டாவது எண் ஒத்துப்போக வேண்டும். முதல் எண் கொஞ்சம் கூடக் குறைய இருக்கலாம். 26 இஞ்ச்சிலும் கவனம் தேவை: 26 × 1 3/8 என்றால் 590, 26 × 1.75 என்று புள்ளியோடு எழுதியிருந்தால் 559. பின்னமும் தசமமும் ஒன்றுக்கொன்று மாறாது.

8. கம்பி இவ்வளவு மெல்லிசா இருக்கு, ஆள் எடையை எப்படித் தாங்குது?

மரச்சக்கரத்தின் ஆரக்கால் எடையை அழுத்தத்தால் தாங்கும். சைக்கிள் சக்கரத்தில் போக்ஸ் கம்பிகள் எல்லாமே முன்கூட்டியே இழுத்து முறுக்கப்பட்டவை. ஆள் ஏறியதும் தரைக்கு நேர் மேலே உள்ள சில கம்பிகளின் இழுவிசை குறைகிறது. மற்றவற்றில் பெரிய மாற்றமில்லை. இழுவிசை மிச்சம் இருக்கும் வரை சக்கரம் உறுதி. பாரிஸின் யூஜின் மேயர் 1869-இல் இத்தகைய சக்கரத்தைக் கொண்டுவந்தார். அதில் கம்பிகள் ஹப்பிலிருந்து, அதாவது சக்கரத்தின் நடுப் பாகத்திலிருந்து, நேராகப் போயின. மிதிக்கும் முறுக்கைத் தாங்க அது போதவில்லை. ஜேம்ஸ் ஸ்டார்லி 1874-இல் கம்பிகளைச் சாய்த்துக் குறுக்கே பின்னும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். இன்றைய பின்னல் அதுவே.

பின்சக்கரத்தில் அடிக்கடி கம்பி உடைகிறது என்றால் எடை அதிகம் என்று எண்ணாதீர்கள். பெரும்பாலும் கம்பி தளர்ச்சிதான் காரணம். தளர்ந்த கம்பி ஒவ்வொரு சுற்றிலும் தொய்ந்து இறுகி, ஹப்பில் வளைகிற இடத்தில் களைத்து உடையும். ஒரே பக்கத்துக் கம்பிகளை விரலால் சுண்டிப் பாருங்கள், ஓசை ஏறக்குறைய ஒன்றாக இருக்க வேண்டும். மந்தமாக ஒலிப்பதை, ரிம்மில் கம்பியைப் பிடித்திருக்கும் சின்ன நட்டான நிப்பிளில் கால் சுற்று வீதம் முறுக்குங்கள், ஒரேயடியாக அல்ல.

9. இடது பெடல் மட்டும் ஏன் எதிர்ப்பக்கமாகத் திருகுது?

பெடல் தானாகக் கழலாமல் இருக்க. பேரிங் உராய்வுதான் பெடலைத் திருப்பும் என்று பலர் நினைக்கிறார்கள். அந்தக் கணக்குப்படி பார்த்தால் இப்போதைய மரை தலைகீழாக அல்லவா இருக்க வேண்டும்! நடப்பது வேறு. பெடல் மாட்டும் கையான கிராங்கின் துளையில் பெடல் அச்சு கண்ணுக்குத் தெரியாத அளவு ஆடும். பாரம் எப்போதும் கீழ்நோக்கியே இருக்க, கிராங்க் சுற்றச் சுற்ற, அச்சும் துளையும் தொடும் புள்ளி வட்டமாக நகரும். அப்போது அச்சு மெல்ல எதிர்த்திசையில் உருளும். ஒரு பென்சிலைத் தளர்வாக மூடிய கைக்குள் வைத்து, அதன் நுனியை வட்டமாகச் சுழற்றிப் பாருங்கள்; பென்சில் எதிர்த்திசையில் தன்னைத்தானே சுற்றும். இந்த விசை உராய்வைவிடப் பலமானது.

நினைவில் வைக்க எளிய வழி: ஸ்பேனரின் பிடி மேலே இருக்கும்படி மாட்டி, வண்டியின் முன்பக்கம் நோக்கித் தள்ளினால் இரண்டு பெடலும் இறுகும், பின்பக்கம் இழுத்தால் இரண்டும் கழலும். மரையின் அளவு பொதுவாக 9/16 இஞ்ச், இஞ்சுக்கு 20 மரை. பழைய பிரெஞ்சு வண்டிகளில் 14 மி.மீ.; அந்தக் கிராங்கில் 9/16 பெடலைப் பலவந்தமாக ஏற்றினால் மரை போய்விடும்.

10. பி.பி. கப்பிலும் இதே மாதிரியா?

பி.பி. என்பது பாட்டம் பிராக்கெட், கிராங்குகளின் அச்சு சுழலும் இடம்; அதன் இரு பக்கமும் திருகி மாட்டும் பேரிங் கிண்ணம்தான் கப். ஆங்கில முறை வண்டிகளில் வலது கப் எதிர் மரை, இடது கப் நேர் மரை. அளவு 1.37 இஞ்ச், இஞ்சுக்கு 24 மரை. இத்தாலிய முறையில் இரண்டுமே நேர் மரை, 36 மி.மீ.; அதனால் அவற்றின் வலது கப் தளர்வது பிரசித்தம், மிகவும் இறுக்க வேண்டும்.

பொறி ஒன்று இருக்கிறது. இங்கிலாந்தின் ராலே வண்டிகள் பலவற்றில் இஞ்சுக்கு 26 மரை. 24 மரைக் கப் அதில் இரண்டு மூன்று சுற்று போய் நின்றுவிடும். அங்கே பலத்தைக் காட்டினால் ஃப்ரேமின் மரையே அழியும். பழைய கப்பின் ஓட்டுபாதையில் குழி இல்லாவிட்டால் அதையே வைத்துக்கொண்டு அச்சையும் பால்ரஸையும் மட்டும் மாற்றுங்கள். பி.பி.-க்குப் பக்கத்துக்கு 11 வீதம் 1/4 இஞ்ச், பின் ஹப்புக்குப் பக்கத்துக்கு 9 வீதம் 1/4 இஞ்ச், முன் ஹப்புக்குப் பக்கத்துக்கு 10 வீதம் 3/16 இஞ்ச் என்பது வழக்கமான எண்ணிக்கை. பழையதும் புதியதும் கலக்கக் கூடாது. அளவில் சற்றே பெரிய குண்டு மட்டும் முழுப் பாரத்தையும் தாங்கி உடையும்.

11. செயின் அளவும் அந்தக் காலத்துலேருந்து அப்படியேவா?

ஆரம்பத்தில் ஒரு இஞ்ச் இடைவெளிச் செயின்கள் இருந்தன. பின்னாளில் அரை இஞ்ச் நிலைத்துவிட்டது. கியர் எண்ணிக்கை கூடக் கூட அகலம்தான் குறைந்தது. தேய்மானம் பார்க்க அளவுகோலே போதும்: ஒரு பின்னின் நடுவிலிருந்து 24 கண்ணி தள்ளிய பின்னின் நடுவரை புதிதில் சரியாக 12 இஞ்ச். 12 1/16 ஆனால் செயினை மாற்றுங்கள். 12 1/8 தாண்டிவிட்டால் பற்களும் தேய்ந்திருக்கும். புதுச் செயின் மட்டும் போட்டால் பல்லில் வழுக்கும்.

12. துப்பாக்கி கம்பெனியும் தையல் மெஷின் கம்பெனியும் எதுக்கு சைக்கிள் செஞ்சாங்க?

அவர்களிடம்தான் அதற்கான இயந்திரங்களும் கைகளும் இருந்தன. ஒன்றைப்போல் ஒன்றாகப் பொருந்தும் சின்ன உருக்குப் பாகங்களை ஆயிரக்கணக்கில் கடைந்து, மேற்பரப்பை மட்டும் கெட்டிப்படுத்தும் கலை துப்பாக்கிக்கும் தையல் இயந்திரத்துக்கும் பொது. சைக்கிள் பேரிங்கின் கோனும் கப்பும் கேட்டதும் அதையே. துப்பாக்கிக்குப் போர் இல்லாத காலத்தில் ஆர்டர் இருக்காது என்பதும் ஒரு காரணம்.

கவன்ட்ரி தையல் இயந்திரக் கம்பெனி 1868-இல் பாரிஸிலிருந்து வந்த ஒரு வண்டியைப் பார்த்து, பிரான்ஸுக்காக 400 வண்டி செய்ய ஒப்புக்கொண்டது. 1870-இல் பிரான்ஸ், பிரஷ்யா போர் மூண்டு பிரெஞ்சுத் தொழில் முடங்கியது. தொழிலின் மையம் இங்கிலாந்துக்கு நகர அது வழிவிட்டது. அமெரிக்காவில் ஆல்பர்ட் போப் 1878-இல் தன் கொலம்பியா வண்டிகளை ஹார்ட்ஃபோர்டின் வீட் தையல் இயந்திரத் தொழிற்சாலையில் செய்யவைத்தார். பர்மிங்காமின் பி.எஸ்.ஏ. என்பதன் விரிவே பர்மிங்காம் சிறு ஆயுதங்கள். அவர்களின் பழைய பாகங்களில் சாய்த்து நிறுத்திய மூன்று துப்பாக்கிகளின் முத்திரையைப் பார்க்கலாம். ஜெர்மனியின் ஓப்பல் தையல் இயந்திரத்தில் தொடங்கி 1886-இல் சைக்கிளுக்கும் 1899-இல் காருக்கும் போனது.

13. 1890-கள்ல பெரிய மோகம் இருந்துச்சாம், அப்புறம் ஏன் சரிஞ்சது?

எல்லோரும் ஒரே நேரத்தில் தொழிற்சாலை கட்டினார்கள். 1890-களின் நடுவில் நல்ல அமெரிக்க வண்டியின் விலை 100 டாலர். சில வருடங்களிலேயே தகடு அழுத்திச் செய்த பாகங்களால் செலவு குறைந்தது, வாங்கக்கூடியவர்கள் வாங்கி முடித்தார்கள், கிடங்குகள் நிரம்பின, விலை விழுந்தது. நாற்பதுக்கும் மேற்பட்ட நிறுவனங்கள் 1899-இல் அமெரிக்கன் பைசைக்கிள் கம்பெனி என்று ஒன்றுசேர்ந்தன. சில வருடங்களில் அதுவும் திவாலானது.

அந்தத் தொழிலாளர்களும் இயந்திரங்களும் வீணாகவில்லை. கம்பிச் சக்கரம், காற்று டயர், குண்டு பேரிங், உருக்குக் குழாய்ச் சட்டம் எல்லாம் மோட்டார் தொழிலுக்குப் போயின. 1886-இல் பென்ஸ் செய்த முதல் கார் கம்பிச் சக்கரத்தில்தான் ஓடியது. ரைட் சகோதரர்கள் டேட்டனில் சைக்கிள் கடை வைத்திருந்தவர்கள். 1903 விமானத்தின் சுழலிகளை இயக்கியது செயின்.

14. கியர் வசதி இருந்தும் பந்தயக்காரங்க ரொம்ப நாள் பயன்படுத்தலையாமே?

ஆம். ஸ்டர்மி ஆர்ச்சர் கம்பெனியின் மூன்று வேக ஹப் 1900-களின் தொடக்கத்திலேயே வந்துவிட்டது. அவர்களின் புகழ்பெற்ற ஏ.டபிள்யூ. ஹப்பில் நடு கியர் நேரடி, கீழ் கியர் அதில் முக்கால், மேல் கியர் ஒன்றே மூன்றில் ஒரு பங்கு. 4-ஆம் பதிலில் கணக்கிட்ட 68.4 வண்டியில் அது 51, 68, 91 என்று வரும். ஆனால் 1903-இல் தொடங்கிய டூர் டி ஃபிரான்ஸ் பந்தயம் 1937 வரை, செயினை ஒரு பல்சக்கரத்திலிருந்து இன்னொன்றுக்குத் தள்ளும் டிரேலியர் கியரை எல்லோருக்கும் அனுமதிக்கவில்லை. அதுவரை சக்கரத்தின் இரு பக்கமும் வெவ்வேறு பல்சக்கரம் வைத்து, மலையடிவாரத்தில் இறங்கிச் சக்கரத்தைத் திருப்பி மாட்டினார்கள்.

சாய்ந்து ஓட்டும் வண்டிக்கும் இதுபோல நடந்தது. 1933 ஜூலையில் ஃபிரான்சிஸ் ஃபோர் அப்படிப்பட்ட வண்டியில் ஒரு மணி நேரத்தில் 45 கிலோமீட்டர் தாண்டி, 1914 முதல் நின்ற சாதனையை முறியடித்தார். 1934-இல் உலகச் சைக்கிள் சங்கம் அந்த வடிவத்தையே பந்தயத்திலிருந்து நீக்கியது. இன்றைய பந்தய வண்டி வைர வடிவச் சட்டத்தில் நிற்பதற்கு அதன் சிறப்போடு இந்த விதியும் காரணம்.

15. என்கிட்ட ஒரு பழைய வண்டி இருக்கு, எந்த வருஷத்துதுன்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது?

ஃப்ரேம் எண்ணை முதலில் நம்பாதீர்கள். ஒவ்வொரு கம்பெனியும் தன் இஷ்டத்துக்கு எண் போட்டது. பாகங்களைப் பாருங்கள். ஸ்டர்மி ஆர்ச்சர் ஹப்பின் உடலில் எண்ணெய் மூடிக்குப் பக்கத்தில் 55 8 என்பதுபோல் இருந்தால் 1955 ஆகஸ்ட். ஷிமானோ பாகங்களின் பின்புறம் இரண்டு ஆங்கில எழுத்து அச்சிட்டிருக்கும்: முதலாவது வருடம், அகரவரிசையின் முதல் எழுத்து 1976, இரண்டாவது மாதம், முதல் எழுத்து ஜனவரி. ஆறாவது எழுத்தும் நான்காவது எழுத்தும் சேர்ந்திருந்தால் 1981 ஏப்ரல்.

இது பாகத்தின் வயது, வண்டியின் வயது அல்ல. ஹப் மாற்றப்பட்டிருக்கலாம். முன் ஹப், பின் ஹப், கிராங்க் மூன்றும் ஒரே காலத்தைக் காட்டினால் மட்டும் உறுதியாகச் சொல்லுங்கள்.

16. காட்டர் பின் கழலவே மாட்டேங்குது. அடிச்சா வளைஞ்சுடுது.

காட்டர் பின் என்பது பழைய வண்டிகளில் கிராங்கை அச்சோடு பிடித்து வைக்கும் ஆப்பு போன்ற பின். முழுக் கழற்றுதலுக்கு முன் இரண்டு நாள் ஊடுருவும் எண்ணெய் விடுங்கள். பிறகு நட்டைப் பின்னின் நுனியோடு சமமாக வரும் அளவு மட்டும் தளர்த்துங்கள். முழுதாக எடுத்தால் மரை நசுங்கும். கிராங்குக்கு அடியில், பின்னின் தலை உள்ளே போகும்படி, தரையில் நிற்கும் கனத்த இரும்புக் குழாயை முட்டுக் கொடுங்கள். இது முக்கியம்: முட்டு இல்லாமல் அடிக்கும் அடி முழுதும் பி.பி. குண்டுகளுக்குப் போய்க் கப்பில் குழி விழும். கனமான சுத்தியலால் ஒரே உறுதியான அடி. பத்து சின்ன அடிகள்தான் பின்னை வளைக்கின்றன.

புதுப் பின் 9 மி.மீ., 9.5 மி.மீ. என இரண்டு உண்டு. பழையதை அளந்து வாங்குங்கள். இரண்டு பின்களும் எதிரெதிர்த் திசையில் நுழைய வேண்டும், இல்லையென்றால் இரு கிராங்கும் ஒரே நேர்கோட்டில் நிற்காது. பின்னை உள்ளே கொண்டுபோவது சுத்தியலின் வேலை. நட்டு அதைப் பிடித்து வைக்க மட்டுமே. நட்டால் இழுக்கப் பார்த்தால் மரை அறுந்துவிடும். மாட்டிய பிறகு சில கிலோமீட்டர் ஓட்டிவிட்டு, மீண்டும் முட்டுக் கொடுத்து ஒரு அடி அடித்து நட்டை இறுக்குங்கள்.